கேள்வி பதில்: வழக்கிலயே இல்லாத ஆளை நீதவான் ஏசலாமா?

கேள்வி: என்ட அண்ணா ஒரு ஜீ.எஸ். (கிராம சேவகர்). ஒரு காணிச் சண்டையில ரெண்டு பகுதியும் 66 வழக்கில நிண்டவை, அண்ணா அதில தரப்பும் இல்ல, அவரை ஒருத்தரும் கூப்பிட்டுக் கேக்கவும் இல்ல. ஒரு பகுதி அவர் குடுத்த கடிதத்த சத்தியக்கடதாசியோட போட்டிருக்கு. அதப் பாத்துட்டு நீதவான் திறந்த கோட்டில, காசு வாங்காம இப்பிடி எழுதியிருக்க மாட்டார், இவையாலதான் சனம் அலையுது எண்டு சொன்னவராம். பின்னேரமே வட்சப் முழுக்க அதுதான். டச்பே கடற்கரைப் பக்கம் நடக்கப் போற மனுசன் இப்ப வீட்டால வெளிக்கிடுறேல்ல. நீதவான் எண்டா என்னவும் சொல்லலாமா?
- வாசகி, உவர்மலை

பதில்: சொல்லக்கூடாது தங்கச்சி. 66 வழக்கெண்டா என்ன, இலங்கையின்ர 1979ம் ஆண்டு 44ம் இலக்கச் சட்டத்தில 66ம் பிரிவில வாறது, காணிச் சண்டையால அடிபிடி வரும் எண்ட நிலையில அந்தக் காணி ஆர்ட கையில இருந்தது, வழக்குக்கு முந்தின ரெண்டு மாசத்துக்குள்ள ஆரையும் பலவந்தமா எழுப்பினதா, இவ்வளவையும்தான் நீதவான் பாக்கவேணும், காணி உறுதி ஆருக்கு எண்டது கூட அங்க முடியிறேல்ல. அப்ப அண்ணாட கடிதத்த நம்பேல்ல எண்டா, இத நான் ஏற்கேல்ல, காரணம் இது, எண்டு ரெண்டு வரியில எழுதிட்டுப் போகலாம், அது அவற்ற வேலை, அதில பிழையே இல்ல. காசு வாங்கினவர் எண்டதுக்கு அந்த வழக்கில என்ன சாட்சி இருக்கு? அண்ணாவக் கேட்டவையா? அதச் சொல்லாட்டித் தீர்ப்பு நிக்காதா? சாட்சியும் இல்ல, கேக்கவும் இல்ல, சொல்லாட்டியும் தீர்ப்பு நிக்கும் எண்டுதானே வருது.

இந்த மூண்டு கேள்வியும் என்ட கேள்வியில்ல. அலகாபாத் ஹைகோட்டில நீதிபதி முல்லா எண்டவர் 1961ல ஒரு பொலிஸ் அதிகாரி சம்பந்தப்பட்ட வழக்கில, நாட்டிலயே இவங்கள மாதிரிக் குற்றம் செய்யிற கூட்டம் வேற இல்ல எண்டு முழுப் பொலிசையும் சேத்து எழுதிட்டார், அது இந்திய உச்ச நீதிமன்றத்துக்குப் போனபோதுதான் இந்த மூண்டையும் வச்சுப் பாத்து அந்தப் பொதுப்பேச்ச நீக்கினவை. எங்கட கோட்ட அது கட்டுப்படுத்தாது, ஆனா சட்டத்தரணிமார் எடுத்துக் காட்டலாம்.

இப்ப முக்கியமான விசயம். நீதவான் சொன்னது வாயாலயா, கட்டளையிலயும் எழுதினவரா? இதப் பாக்காம ஒண்டும் செய்யேலாது. 2021ல கொரோனாவுக்குள்ள பிரசாரக் கூட்டங்கள விட்டதுக்கு உங்களுக்குக் கொலைக்குற்றமே போடலாம் எண்ட மாதிரி சென்னை ஹைகோட் இந்தியத் தேர்தல் ஆணையத்தப் பாத்துச் சொல்லி, ஆணையம் டெல்லியில இருக்கிற உச்ச நீதிமன்றத்துக்கு ஓடிச்சுது. அங்க, வார்த்தை கடுமைதான், பொருந்தாத பேச்சுத்தான், ஆனா வாயால சொன்னது கட்டளையில இல்லையே, இல்லாதத எப்பிடி நீக்குறது எண்டு கேட்டிட்டினம், பத்திரிகை எழுதுறதையும் தடுக்கேல்ல. (எனக்கும் அது சரியாத்தான் படுது, கோட்டில நடக்கிறது சனத்துக்குத் தெரியவேணும்தானே.)

அதால முதல்ல கட்டளையின்ர அத்தாட்சிப் பிரதிய எடுங்கோ. அதில அந்த வரி இல்லாட்டி வட்சப் கதையெல்லாம் வெறும் கதை, மேலதிகாரிக்கு அந்தப் பிரதியையே காட்டலாம். இருந்தா, 66 கட்டளைக்கு அப்பீல் கிடையாது, மாகாண மேல் நீதிமன்றத்தில மீளாய்வுதான், அண்ணா தரப்பில்லாதவர் எண்டபடியா எப்பிடிப் போறது எண்டத சட்டத்தரணி பிரதியப் பாத்துச் சொல்லட்டும். ஃபேஸ்புக்கில மட்டும் நீதவானுக்குத் திருப்பி ஏசிப்போடாதேங்கோ, 2024ல நீதிமன்ற அவமதிப்புக்கெண்டு தனிச்சட்டமே வந்திருக்கு.

கேள்வி: நீதிபதிமார் இப்பிடிப் பயந்து பயந்து கதைச்சா லஞ்சம் வாங்குறவன ஆர் கேக்குறது?
- வாசகர், கிண்ணியா

பதில்: தம்பி, ஆரு பயப்பிடச் சொன்னது? சாட்சிக் கூட்டில ஏறி நிண்டு குறுக்கு விசாரணையில மாட்டுப்பட்ட அதிகாரிய, பொய் சொல்லுறார் எண்டு தீர்ப்பிலயே எழுதலாம், எழுதவும் வேணும், அத எழுதாம விட்டாத்தான் குறை. கூப்பிடாத ஆளுக்கு லஞ்சப் பட்டம் குடுத்தா லஞ்சம் பிடிபடவும் மாட்டுது, உண்மையா வாங்கினவனும், என்னைக் கேக்காமச் சொன்னது எண்டு தப்பிடுவான். நீதவானுக்குச் சந்தேகம் இருந்தா விசாரிக்கச் சொல்லி உரிய இடத்துக்கு அனுப்பலாமே. நீதிபதிமாரின்ர நடத்தைக்கு உலகமே பாக்கிற பெங்களூர் கோட்பாடுகள் 2002ல வந்தது, அதச் செய்த குழுவுக்குத் தலைவர் சர்வதேச நீதிமன்றத்தில நீதிபதியா இருந்த எங்கட வீரமந்திரி ஐயாதான், அதையும் ஒருக்கா வாசிச்சுப் பாருங்கோ.