வக்கீல் வரவில்லை என்பதற்காக கிரிமினல் அப்பீலைத் தள்ளுபடி செய்யலாமா?

தண்டனையை எதிர்த்து உங்கள் மாமா போட்ட அப்பீலை, வக்கீல் ஆஜராகவில்லை என்று செஷன்ஸ் கோர்ட்டில் தள்ளுபடி செய்துவிட்டார்கள், இது செல்லுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

முதலில் உத்தரவின் நகலை வாங்கிப் படியுங்கள். நான் கிரிமினல் பக்கம் வக்கீலாக இருப்பவன். "தள்ளுபடி ஆயிடுச்சு சார்" என்று வருகிறவர்களில் பலருக்கு, எந்தக் காரணத்தால் தள்ளுபடி ஆனது என்பதே தெரிந்திருக்காது.

அப்பீல்தாரர் இல்லை, வக்கீலும் இல்லை, ஆகவே தள்ளுபடி என்று இரண்டு வரியில் முடித்திருந்தால் அது நிற்காது. பானி சிங் எதிர் உத்தரப் பிரதேச அரசு வழக்கில் 1996-லேயே உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு இதைத் தீர்த்துவிட்டது. விசாரணைக்கு எடுத்துக்கொண்ட அப்பீலில், யாரும் வராவிட்டாலும் நீதிபதி கேஸ் கட்டைப் படித்துத்தான் முடிவு சொல்ல வேண்டும். சிவில் அப்பீல் வேறு. அங்கே ஆள் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம், அப்புறம் மனு போட்டு மறுபடி கோப்பில் ஏற்றலாம். அந்தப் பழக்கத்தைச் சில கோர்ட்டுகள் கிரிமினல் பக்கமும் கொண்டுவந்துவிடுகின்றன. ஆள் தலைமறைவாக இருந்தால்கூட அதையே காரணமாக்கி அப்பீலைத் தள்ளக் கூடாது என்று 2022-ல் தனஞ்சய் ராய் வழக்கில் சொன்னார்கள்.

ஆனால் சாட்சியங்களை அலசி, பக்கம் பக்கமாகக் காரணம் எழுதி அப்பீலைத் தள்ளுபடி செய்திருந்தால் உங்கள் பாடு கஷ்டம். வக்கீலுக்காக வாய்தா கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டியதில்லை என்று சொன்னதும் அதே பானி சிங் தீர்ப்புதான். வக்கீல் இல்லாமல் முடிவெடுக்கவே கூடாது என்று 2011-ல் சுகுர் அலி வழக்கில் ஒரு தீர்ப்பு வந்தது. பெரிய அமர்வு சொன்னதற்கு அது முரண் என்று 2013-ல் பாண்டுரங்கா வழக்கில் ஒதுக்கிவிட்டார்கள். என்னைக் கேட்டால் 2011 தீர்ப்புதான் நியாயம். பேச ஆளில்லாத அப்பீலில், குறுக்கு விசாரணையில் கிடைத்த நல்ல பதில் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று யார் எடுத்துக் காட்டுவார்கள்?

மாமா சிறையில் இருந்திருந்தால் ஒரு பிடி உண்டு. அப்படிப்பட்டவருக்கு வக்கீல் வராவிட்டால் வேறு தேதி கொடுப்பதே நல்லது என்றும், அரசுச் செலவில் வக்கீல் வைக்கத் தடையில்லை என்றும் பானி சிங்கிலேயே இருக்கிறது.

எப்படியானாலும் அடுத்த படி உயர் நீதிமன்றத்தில் ரிவிஷன், அதாவது கீழ்க் கோர்ட் உத்தரவைச் சரிபார்க்கக் கேட்கும் சீராய்வு மனு. 90 நாள் கெடு. பழைய வக்கீலோடு சண்டை போட்டு நாளைக் கழிக்காதீர்கள், கேஸ் கட்டை மட்டும் வாங்கிக்கொள்ளுங்கள். பணம் இல்லையென்றால் 15100 என்ற இலவசச் சட்ட உதவி எண்ணில் கேளுங்கள். காவலில் இருப்பவருக்கு வருமான வரம்பு பார்க்க மாட்டார்கள். அவர் வெளியில் இருந்தால், அப்பீல் முடிந்ததோடு தண்டனை நிறுத்திவைப்பும் முடிந்துவிட்டது, வாரண்ட் வரலாம். ரிவிஷனோடு சேர்த்தே தண்டனையை நிறுத்திவைக்கவும் புதிதாக மனு போடச் சொல்லுங்கள்.