கேளுங்கோ, சொல்லுறம்: சீனாக் கப்பலுகள்

கேள்வி: ஐயா, சீனாக்காரன்ர போர்க்கப்பல் இப்பதான் எங்கட பக்கம் வருதோ, இல்லாட்டி முந்தியும் வந்ததோ? விமானந்தாங்கிக் கப்பலும் வச்சிருக்கினமாமே?
வாசகர், முள்ளியவளை

பதில்: தம்பி, 600 வருசத்துக்கு முந்தியே வந்திட்டினம். அப்ப சீனாவை ஆண்ட மிங் பேரரசரின்ர கடற்படைத் தளபதி செங் ஹ 1405 இல வெளிக்கிட்ட முதல் பயணத்திலயே 27,000க்கு மேல ஆக்கள், 1433 வரைக்கும் ஏழு பயணம், இலங்கையில இறங்கி அப்ப இஞ்ச ஆட்சி செய்த அழகக்கோனாரோட சண்டை பிடிச்சு ஆளைச் சிறைபிடிச்சு சீனாவுக்கே கொண்டு போனவை. கொழும்பு நூதனசாலைக்குப் போனா அவை 1409 எண்டு திகதி போட்டு வெட்டின கல்லைக் கட்டாயம் பாருங்கோ, சீனம், பாரசீகம், தமிழ் மூண்டும் இருக்கு, தமிழ்ப் பகுதியில தெனவரை நாயனார் எண்ட தெய்வந்துறைக் கோயில் சாமிக்கு 1,000 பொன், 5,000 வெள்ளி, பட்டு எண்டு காணிக்கைக் கணக்கே கிடக்கு. 1911 இல காலியில கண்டெடுத்தது. எங்கட வன்னிப் பிள்ளையளைக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டவேணும்.

பிறகு மிங் அரசு அந்தப் பயணங்களைக் கைவிட்டிட்டுது. இப்ப சீனாவிட்ட விமானந்தாங்கி மூண்டு இருக்கு: உக்ரைனில அரைகுறையாக் கிடந்ததை வாங்கித் திருத்தின லியாவ்னிங் 2012 இல, சாண்டோங் 2019 இல, ஃபூஜியன் 2025 இல கடற்படையில சேர்ந்தது. 2022 ஆகஸ்டில அம்பாந்தோட்டைக்கு வந்த சீனாக் கப்பல் யுவான் வாங் 5 பீரங்கிக் கப்பலில்லை, செய்மதியையும் ராக்கெட்டையும் கண்காணிக்கிறது.