நாழிகைப் பாசியும் பிந்தி நட்ட ஏத்தனும்

கேள்வி: களக்காடு பக்கம் முக்கால் ஏக்கரில் ஏத்தன் (நேந்திரன்) வாழை போட்டிருக்கிறேன். கன்று கிடைக்காமல் கார்த்திகைக் கடைசியில்தான் நட முடிந்தது. ஓணத்துக்குத் தார் வெட்ட வேண்டும் என்று ஆசை. உவரியில் கட்டிக்கொடுத்த மகள் வீட்டுப் பேத்தி ஒரு கதை எழுதுகிறாள். அதில் கடலுக்கடியில் 'நாழிகைப் பாசி' என்று ஒரு செடி வருகிறது. அதைப் பிடித்துக்கொண்டு நிற்பவனுக்கு ஒரு நாழிகை ஒரு நாளாக நீளுமாம். சிரித்துவிட்டுப் போனேன். போன வாரம் ஒரு வியாபாரி கடல்பாசி மருந்து என்று பாட்டிலை நீட்டி, 'ரெண்டு மாசம் முந்தித் தார் வரும்' என்கிறார். வாங்கலாமா? உவரிக் கரையில் ஒதுங்கும் பாசியை மூட்டை கட்டிக் கொண்டுவந்து தூரில் போடலாமா?

பதில்: அண்ணாச்சி, வியாபாரியை விட உங்கள் பேத்தி உண்மைக்குப் பக்கத்தில் நிற்கிறாள். கடல்பாசிச் சாறு காலத்தை முந்த வைக்காது. எதையாவது செய்யும் என்றால் அது கொஞ்சம் பிடித்து நிறுத்துகிற வேலைதான். பாசியில் சைட்டோகைனின் என்ற வளர்ச்சி ஊக்கி இருக்கிறது. இலை சீக்கிரம் பழுத்து மூப்படைவதை அது தள்ளிப்போடும். இலை நாள்பட பச்சையாக நின்றால் தாருக்குச் சத்து ஓடும், காய் தேறும். அவ்வளவுதான். ஒரு நாழிகை 24 நிமிடம், அதை ஒரு நாளாக நீட்டுவது கதையில் நன்றாக இருக்கிறது!

இப்போது கணக்குக்கு வருவோம். ஏத்தன் குலை தள்ள ஏறக்குறைய 7 மாதம், அப்புறம் காய் முற்ற 3 மாதம். கார்த்திகைக் கடைசியில் நட்டது ஆடியில் குலை தள்ளும், வெட்டுக்கு வர ஐப்பசி ஆகிவிடும். ஓணமோ ஆவணியில். எந்தப் பாட்டிலாலும் இதை மாற்ற முடியாது. வாழை குறிப்பிட்ட அளவு இலை விட்ட பிறகுதான் பூக்கும். இலை வரும் வேகத்தைத் தீர்மானிப்பது வெயிலும் தண்ணீரும் உரமும்.

முந்த வைக்க முடியாது, ஆனால் பிந்தாமல் பார்த்துக்கொள்ளலாம். சித்திரை வெயிலில் ஒரு தடவை தண்ணீர் தப்பினால்கூட இலை வருவது தடைப்படும், அந்த நாட்கள் திரும்பக் கிடைக்காது. பக்கக் கன்றுகளை மாதம் ஒருமுறை அறுத்துவிடுங்கள். ஐந்தாம் மாத உரத்தைத் தள்ளிப்போட வேண்டாம். கடைசிச் சீப்பு விரிந்ததும் பூவை ஒடித்துவிட்டு, லிட்டர் தண்ணீருக்கு 20 கிராம் சல்பேட் ஆஃப் பொட்டாஷ் என்ற சாம்பல் சத்து உரத்தைக் கரைத்துத் தாரில் தெளியுங்கள். 30 நாள் கழித்து இன்னொரு முறை. காய் பருமனாக இதுதான் கைகண்ட வழி. ஆனி, ஆடிக் காற்றுக்கு முன்னாலேயே முட்டுக் கொடுத்துவிடுங்கள். குலை தள்ளிய மரம் சாய்ந்தால் முந்துவதும் பிந்துவதும் பேச்சே இல்லை.

பாசிச் சாறு வாங்கியே தீருவது என்றால், 2021-ல் இந்த வகைத் திரவங்களையும் உரக் கட்டுப்பாட்டு ஆணைக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். பாட்டிலில் தயாரிப்பாளர் பெயர், முகவரி, உள்ளிருப்பு விவரம் எல்லாம் அச்சில் இருக்க வேண்டும். பில் கேளுங்கள். பில் கேட்டதும் பேச்சை மாற்றுகிறவரிடம் வாங்க வேண்டாம். லேபிளில் சொன்ன அளவுக்கு மேல் போகாமல் சாயங்காலம் தெளியுங்கள். 'ரெண்டு மாசம் முந்தும்' என்று லேபிளிலேயே எழுதியிருந்தால் அதுவே வேண்டாம் என்பதற்குப் போதும்.

கரைப் பாசி விஷயத்தில்தான் எனக்குப் பயம். அதில் சாம்பல் சத்து இருக்கிறது, சரி. ஆனால் கூடவே உப்பும் இருக்கிறது. வாழைக்கு உப்பு ஆகாது, இலை விளிம்பு தீய்ந்தால் அதுதான் முதல் அடையாளம். பச்சையாகத் தூரில் போடவே கூடாது. நல்ல தண்ணீரில் இரண்டு மூன்று முறை அலசி, அந்தத் தண்ணீர் தோட்டத்துக்குள் பாயாமல் வெளியே விட்டு, சாணத்தோடும் வாழைச் சருகோடும் சேர்த்துக் குவித்து மக்க வையுங்கள். மூன்று மாதம் கழித்துக் கொஞ்சமாகப் போடலாம். உவரியிலிருந்து களக்காட்டுக்கு லோடு ஆட்டோ வாடகை கொடுத்து இதைச் செய்வது கட்டுமா என்று நீங்களே கணக்குப் பாருங்கள். எனக்குக் கட்டும் என்று தோன்றவில்லை. பக்கத்துத் தொழுவத்துச் சாணம் மலிவு.

ஓணத்துக்கென்று பிஞ்சுத் தாரை மட்டும் வெட்டிவிடாதீர்கள். விளிம்பு உருளாத காய்க்கு எடையும் நிற்காது, சிப்ஸ் போடுகிறவரும் கழித்துப் பேசுவார். ஐப்பசியில் தீபாவளி வருகிறது, இப்போதே இரண்டு வியாபாரியிடம் பேசி வையுங்கள். அடுத்த வருடம் ஐப்பசி முதல் வாரத்திலேயே நட்டுவிடுங்கள். கன்றுக்கு ஆவணியிலேயே முன்பணம் கொடுத்துவிட்டால் இந்த முறை போல் அலைய வேண்டியிருக்காது.

பேத்தியிடம் ஒன்று சொல்லுங்கள். கடல்பாசிக்கு வேர் கிடையாது, பாறையைப் பற்றிக்கொள்ள அடியில் ஒரு பிடிப்புதான் உண்டு. சத்தை உடம்பு முழுவதாலும் உறிஞ்சும். அவள் கதையில் நாழிகைப் பாசியை யாராவது வேரோடு பிடுங்குகிறார்கள் என்றால், அந்த ஒரு வரியை மாற்றச் சொல்லுங்கள்.