அமலை விடுங்கள், பூபதியைப் பாருங்கள்

கேள்வி: பெங்களூர் சிக்பேட்டையில் ஜவுளி மொத்த வியாபாரம். வீடு அல்சூரில். வயது 54. பிள்ளைகள் வெளியூரில். போன மாதம் மனைவியுடன் உட்கார்ந்து, தாகூர் கதைகளை வைத்து எடுத்த இந்தித் தொடரில் சாருலதா கதையைப் பார்த்தேன். கணவன் பூபதிக்குத் தம்பி முறையாகும் பையன் அமல் மேல் சாருவுக்கு மனசு போகிறது. முடிந்ததும் என் மனைவி, "பாவம், பூபதிக்குக் கடைசி வரைக்கும் ஒண்ணுமே தெரியலை" என்று சொல்லிவிட்டு எழுந்து போனாள். இப்போது அடிக்கடி தமிழ்ச் சங்க நூலகத்துக்கும் போகிறாள். எனக்குச் சந்தேகமில்லை, ஆனால் தூக்கமும் இல்லை. இந்த மாதிரிக் கதைகளைப் பார்க்காதே என்று சொல்லலாமா?

பதில்: சொல்லலாம் சார். அப்புறம் தனியாகப் பார்ப்பார், அவ்வளவுதான்.

அனுராக் பாசுவின் அந்தத் தொடர் வந்தது 2015-இல். மூலக்கதையான 'நஷ்டநீட்' குறுநாவலைத் தாகூர் எழுதியது 1901-இல். இத்தனை வருஷம் கழித்தும் கணவன்மார்கள் அதில் அமலைத்தான் தேடுகிறார்கள். உங்கள் மனைவி பேசியது பூபதியைப் பற்றி.

பூபதி குடிகாரரா, கை நீட்டுகிறவரா? இல்லை. பத்திரிகை நடத்தும் நல்ல மனுஷர். வீட்டில் மனைவி என்ன செய்கிறாள் என்று பார்க்கத்தான் நேரமில்லை. அவள் அமலோடு தோட்டம் போடத் திட்டம் போடுகிறாள், அவனுக்குச் செருப்பில் பூவேலை செய்து கொடுக்கிறாள், எழுதுகிறாள், அது அச்சிலும் வருகிறது. பத்திரிகை நொடித்த பிறகு, மனைவிக்குப் பிடிக்குமே என்று பூபதியும் ரகசியமாக எழுதிப் பார்ப்பார். இங்கிலாந்து போன அமலுக்குச் சாரு கணவருக்குத் தெரியாமல் தந்தி அடித்ததை விட, எனக்கு இந்த இடம்தான் தாங்காது.

கடைசியில் அவர் பத்திரிகை வேலைக்குக் கிளம்புவது உங்கள் பக்கம்தான், மைசூருக்கு. என்னையும் கூட்டிப் போங்கள் என்கிறாள் சாரு. அவர் தயங்குகிறார். பிறகு மனசு மாறி "வா" என்கிறார். அவள் "வேண்டாம், இருக்கட்டும்" என்றுவிடுகிறாள்.

நீங்கள் கடையை அடைத்து வீட்டுக்கு வரும்போது மணி என்ன? கடிதத்தில் அதை எழுதவில்லை. உங்கள் மனைவி என்ன புத்தகம் எடுத்து வருகிறார் என்பதையும் எழுதவில்லை. போனை நோண்டாதீர்கள். "அன்னைக்கு ஏன் பூபதி பாவம்னு சொன்னே?" என்று கேளுங்கள். பதில் வர நாளாகலாம். நடுவில் குறுக்கே பேசி உங்கள் நியாயத்தைச் சொல்ல ஆரம்பித்தால் காரியம் கெட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, நூலகத்துக்குக் கூட வரட்டுமா என்றும் கேட்டுப் பாருங்கள். வேண்டாம் என்றால், சரி என்று விட்டுவிடுங்கள். அந்த ஒரு இடமாவது அவருக்கென்று இருக்கட்டும்.