உழைக்கும் தசைக்கு மட்டும் கூடுதல் ரத்தம் போவது எப்படி? தந்துகிகள் எனும் மிக நுண்ணிய ரத்தக் குழாய்களுக்குள் ரத்தத்தை அளந்து விடுவது எது?

பெரும்பாலும் தந்துகி அல்ல. அதன் சுவரில் தசை அடுக்கே கிடையாது, ஒற்றை அடுக்குச் செல்கள்தான். கட்டுப்பாடு அதற்கு முன்னால் உள்ள, அதற்கு ரத்தம் கொண்டுவரும் நுண்தமனியின் கையில் இருக்கிறது. அதன் சுவரை மென்தசை வளையமாகச் சுற்றியிருக்கும். அந்தத் தசை லேசாக இறுகினாலே போதும். அழுத்தம் மாறாமல் ஆரம் மட்டும் பாதியானால், ஓட்டம் 16-இல் ஒரு பங்காகிவிடும்!

சரி, யார் இறுக்குவது? நம் விருப்பமின்றித் தானாக இயங்கும் பரிவு நரம்புகள், நார்அட்ரினலின் என்ற வேதிப்பொருள் மூலம். ஆனால் ஓடுகிற கால் தசை மூளையின் உத்தரவுக்காகக் காத்திருப்பதில்லை. அங்கே ஆக்ஸிஜன் குறைந்து, கார்பன் டை ஆக்ஸைடும் பொட்டாசியமும் அடினோசினும் சேர்ந்ததும், அந்த இடத்து நுண்தமனி தானாகத் தளர்ந்துகொடுக்கும். ரத்தம் வேகமாக உரசும்போது உட்சுவர் வெளிவிடும் நைட்ரிக் ஆக்ஸைடும் அதை விரிக்கும். விரலில் ரப்பர் பேண்டைச் சில விநாடிகள் சுற்றிக் கழற்றிப் பாருங்கள். விரல் குப்பென்று சிவப்பது இந்தத் தளர்வால்தான்.

அப்புறம், பாடநூல் படங்களில் ஒவ்வொரு தந்துகியின் வாயிலிலும் ஒரு சுருக்குத்தசை வரைந்திருப்பார்கள். அது கொஞ்சம் மிகை. குடலைத் தாங்கும் சவ்வில் அது தெளிவாகத் தெரியும். பெரும்பாலான திசுக்களில் கடைசி நுண்தமனியே அந்த வேலையைப் பார்த்துக்கொள்கிறது. தந்துகி ஓட்டக் கட்டுப்பாட்டை ஆராய்ந்த டென்மார்க்கின் ஆகஸ்ட் க்ரோக்குக்கு 1920-இல் நோபல் பரிசு கிடைத்தது.