முதல் தமிழன் வேண்டாம்

அன்புள்ள ஐயா,

சொந்த ஊர் குடியாத்தம். பதினாறு வருடமாகக் கனடாவில், பிராம்ப்டனில் இருக்கிறோம். இங்கேயே பிறந்த மகனுக்கு வயது பதினான்கு. ஐஸ் ஹாக்கி ஆடுகிறான். நன்றாக ஆடுவதாகக் கோச் சொல்கிறார். அடுத்த வருடம் ஜூனியர் லீக் தேர்வு. எடுபட்டால் வேறு ஊரில் முன்பின் தெரியாத குடும்பத்தோடு தங்கி ஆட வேண்டும். படிப்பு கெட்டுப்போகும் என்கிறாள் மனைவி. எனக்கோ, வட அமெரிக்காவின் பெரிய ஐஸ் ஹாக்கி லீகான என்.எச்.எல்.லில் ஆடும் முதல் தமிழன் என் மகனாக இருக்கக் கூடாதா என்று ஆசை. பஞ்சாபிகள் எப்போதோ ஆடிவிட்டார்கள். நம் வெயில் உடம்பு பனிக்குத் தாங்குமா, பல் போய்விடுமோ என்ற பயமும் உண்டு. ஊரிலிருக்கும் அப்பா, ‘ஐஸ்ல என்னடா ஹாக்கி’ என்று சிரிக்கிறார். அனுப்பலாமா?

க.

அன்புள்ள க.,

வெயில் விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம். வேலூர் வெயில் உங்களுக்குச் சொந்தம். பிராம்ப்டனில் பிறந்த பையனுக்கும் அதற்கும் என்ன உறவு? நம் வேலூர்ப் பக்கத்துக் கம்மவான்பேட்டையில் வீட்டுக்கு வீடு பட்டாளத்துக்குப் போனவர்கள். அவர்களில் லடாக்கில், லே பக்கம் இருந்துவிட்டு வந்த ஒருவரை உங்கள் அப்பாவிடம் அனுப்பி வைக்கிறேன். குளம் உறைந்ததும் அங்கேயுள்ள லடாக் ஸ்கவுட்ஸ் படைக்காரர்கள் ஹாக்கி மட்டையோடு இறங்குவதை அவர் நடித்தே காட்டுவார். பல்லைப் பற்றிப் பல் டாக்டரிடம் கேளுங்கள்.

நான் பதில் எழுத உட்கார்ந்தது அந்த ‘முதல் தமிழன்’ என்ற ஆசைக்காக.

சென்ற மாதம் எங்கள் தெரு அண்ணன் ஒருவருக்குப் பணி ஓய்வு விழா. சத்துவாச்சாரிக்காரர். அந்த ஊரில் பளு தூக்குவது என்பது மற்ற ஊர்ப் பிள்ளைகள் கிரிக்கெட் ஆடுவதைப் போல. விடிவதற்கு முன்பே ஜிம்மில் இரும்பு விழும் சத்தம் கேட்கும். அண்ணன் உள்ளங்கைக் காய்ப்பை பிளேடால் சீவிக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்திருப்பார், பக்கத்தில் ஊற வைத்த வேர்க்கடலை. மாநில அளவில் ஜெயித்தார், தேசியப் போட்டிக்குப் போனார், விளையாட்டு ஒதுக்கீட்டில் அரசு வேலை கிடைத்தது. அதற்குப் பிறகும் தூக்கினார், தோள்பட்டை போகும்வரை. தெருவில் பார்க்கிறவர்கள் ‘ஒலிம்பிக் எப்பண்ணா?’ என்பார்கள். விழாவில் அவருடைய நேர்மையைப் பேசினார்கள், கோப்புகளை ஒழுங்காக வைப்பதைப் பேசினார்கள். பளு தூக்கியதை ஒருவர்கூடச் சொல்லவில்லை. மனிதர் சால்வையைப் போர்த்திக்கொண்டு சிரித்தார், கை முழுதாக மேலே வராததால் அரைக் கும்பிடு போட்டார். எனக்கு வந்த கோபத்தில் சாப்பிடாமலே வந்துவிட்டேன்.

அதே சத்துவாச்சாரியின் பளு தூக்கும் வீரர் சதீஷ் சிவலிங்கத்தைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள், எல்லோருக்கும் தெரியும். 2014 கிளாஸ்கோ, 2018 கோல்ட் கோஸ்ட், இரண்டு காமன்வெல்த் தங்கம். தெரியத்தான் வேண்டும். ஆனால் அவருடைய அப்பாவும் தேசிய அளவில் தூக்கியவர், பட்டாளத்தில் இருந்துவிட்டுப் பிறகு செக்யூரிட்டி வேலை பார்த்தவர் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? அந்த அப்பா இல்லாமல் இந்தத் தங்கம் எங்கிருந்து வந்திருக்கும்?

உங்கள் விளையாட்டுக்கே வருகிறேன். வில்லி ஓ’ரீ என்று ஒருவர். 1958 ஜனவரி 18-ல் பாஸ்டன் புரூயின்ஸுக்காக மான்ட்ரியாலில் இறங்கினார். என்.எச்.எல்.லில் ஆடிய முதல் கறுப்பினத்தவர். உங்கள் ஆசைப்படி அவர் ‘முதல் ஆள்’. அந்த லீகில் அவர் மொத்தமாக ஆடியது 45 ஆட்டம், அடித்தது 4 கோல். அவ்வளவுதான். அவருடைய ஆட்ட வாழ்க்கை அதில் இல்லை. ஜூனியரில் ஆடும்போதே பந்துக்குப் பதில் அடிக்கும் அந்த ரப்பர் வட்டு, ‘பக்’, வலது கண்ணில் பட்டு 95 சதவீதப் பார்வை போய்விட்டது. இனி ஆடாதே என்றார் டாக்டர். மனிதர் விஷயத்தை வெளியே விடாமல் ஆடினார். இடது ஓரத்தில் ஆடுகிறவருக்குப் பாஸ் வருவது வலப் பக்கத்திலிருந்து. குருட்டுக் கண்ணும் அதே பக்கம். கழுத்தை முழுக்கத் திருப்பினால்தான் பக் தெரியும், அதற்குள் எவனாவது வந்து மோதிவிடுவான். பிறகு லாஸ் ஏஞ்சலஸில், கீழ் லீக் ஒன்றில், அவரை வலது ஓரத்துக்கு மாற்றினார்கள். நல்ல கண் ஆட்டத்தின் பக்கம் வந்தது. அந்த சீசனில் 38 கோல், லீகிலேயே அதிகம்! 1979 வரை, நாற்பது தாண்டியும் ஆடினார். அப்புறம் ஒரு ஹோட்டலில் செக்யூரிட்டி வேலை. ஹாக்கிப் பெருமக்களைச் சேர்க்கும் ஹால் ஆஃப் ஃபேமில் அவரைச் சேர்த்தது 2018-ல்தான்.

பஞ்சாபிகள் என்கிறீர்கள். ராபின் பாவா 1989-ல் ஆடினார். என்.எச்.எல்.லில் அவருக்குக் கிடைத்தது 61 ஆட்டம். மற்ற வருடங்களெல்லாம் கீழ் லீகுகளில். அங்கே வாரக் கூலிக்கு ஆடுகிறவர்கள் இருக்கிறார்கள், கிளப் கொடுக்கும் வீட்டில் இரண்டு மூன்று பேராகத் தங்கி, இரவெல்லாம் பஸ்ஸில் போய், மறுநாள் ஸ்கேட் கட்டுகிறவர்கள். மேலே 32 அணி, அணிக்கு அதிகபட்சம் 23 பேர். உலகம் முழுவதிலிருந்தும் வரும் பிள்ளைகளுக்கு இடம் அவ்வளவுதான். உங்கள் மகன் ஹாக்கியால் பிழைத்தால், அநேகமாக அந்த பஸ்ஸில்தான் இருப்பான். அப்போதும் ‘என் பையன் ஆட்டக்காரன்’ என்று குடியாத்தத்தில் சொல்வீர்களா, இல்லை ‘ஏதோ டிரை பண்ணிட்டிருக்கான்’ என்பீர்களா? இதற்கு முதலில் பதில் சொல்லுங்கள். சொல்ல முடியாதென்றால் இப்போதே ஸ்கேட்டைக் கழற்றச் சொல்லுங்கள், பாவம் அந்தப் பிள்ளை. ஊர் பெயரை, இனத்தின் பெயரையெல்லாம் பதினான்கு வயதுத் தோளில் ஏற்றாதீர்கள்.

படிப்பைக் கேட்டிருந்தீர்கள். கனடா ஜூனியரில் ஆடிய பையன்களை அமெரிக்கக் கல்லூரி அணிகள் முன்பெல்லாம் சேர்த்துக்கொள்ளாது. 2025-லிருந்து அந்தத் தடை போய்விட்டது. எனவே ஜூனியர், கல்லூரி என்று இரண்டு கதவும் திறந்தே இருக்கிறது. தங்கப்போகும் வீட்டை உங்கள் மனைவி நேரில் போய்ப் பார்க்கட்டும், மார்க் ஷீட்டையும் அவரே கேட்டு வாங்கட்டும். அவர் சரி என்றால் அனுப்புங்கள்.

இன்னொன்று. மகனைப் பற்றி இவ்வளவு எழுதியவர், அவன் எந்த இடத்தில் ஆடுகிறான் என்று எழுதவில்லை. கோலியா, டிஃபென்ஸா, இடது ஓரமா, வலது ஓரமா? இன்று ராத்திரி அவனையே கேட்டு எனக்கு எழுதுங்கள்.