ஸ்டேஷன் பக்கத்தில் வீடு என்றதும் முன்பணம் கட்டிவிடாதீர்கள்

ஜப்பானின் நாகானோ மாகாணத்து இனா பள்ளத்தாக்கில் வேலை கிடைத்திருக்கிறது, அங்கே ஓடும் ஈடா லைன் என்ற ரயில் பாதையில் ஊழியர் இல்லாத ஒரு சின்ன ஸ்டேஷனுக்கு மூன்று நிமிட நடையில் குறைந்த வாடகைக்கு வீடு இருக்கிறது, கார் வாங்காமல் சமாளித்துவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள் தம்பி. கூடவே அரிசி பருப்பு, குளிர், மொழி என்று இன்னும் நாலைந்து கேள்வி. அரிசியும் பருப்பும் ஆன்லைனில் ஆர்டர் போட்டால் வாசலுக்கே வந்துவிடும். மொழி வந்த பிறகு ஒட்டிக்கொள்ளும். அந்த ஸ்டேஷன் விஷயத்தைத்தான் நான் பேச வேண்டும்.

ஸ்டேஷன் பக்கத்தில் இருந்து என்ன, வண்டி வர வேண்டுமே. காலையில் பள்ளிக்கூட நேரத்துக்கு அடுத்தடுத்து வரும். நடுப்பகலில் மணிக்கு ஒன்றுகூட இல்லாத இடைவெளிகள் உண்டு. ராத்திரி ஷிப்ட் முடிந்து வந்தால் விடிந்த பிறகுதான் வண்டி. மேப்பில் அடுத்தடுத்து ஸ்டேஷன் தெரிவதைப் பார்த்து மயங்காதீர்கள். நான்கு தனியார் கம்பெனிகள் நெருக்க நெருக்கமாக ஸ்டேஷன் வைத்துத் தனித்தனியாகப் போட்ட பாதைகள் 1937-ல் ஒன்றாக இணைந்தன, 1943-ல் அரசு எடுத்துக்கொண்டது. அதனால்தான் 195.7 கிலோமீட்டருக்குள் 94 ஸ்டேஷன். பெரும்பாலும் ஒற்றைத் தண்டவாளம், எதிர் வண்டிக்கு வழிவிட்டு நின்று நின்றுதான் போகும். தெற்கே தென்ரியூ ஆற்றோரம் கனமழை என்றால் வண்டியையே நிறுத்திவிடுவார்கள்.

ஏறி இறங்கும் முறையை இப்போதே மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். கதவு தானாகத் திறக்காது, பக்கத்துப் பட்டனை அமுக்க வேண்டும். ஒன்மேன் வண்டியில் கண்டக்டர் கிடையாது. முதல் பெட்டியின் பின்கதவில் ஏறி, கதவோர மெஷினிலிருந்து நம்பர் சீட்டை எடுங்கள். டிரைவருக்கு மேலே உள்ள பலகையில் உங்கள் நம்பருக்கு நேரே கட்டணம் ஏறிக்கொண்டே போகும். இறங்கும்போது முன்கதவில், டிரைவர் பார்க்க, சீட்டையும் சில்லறையையும் பெட்டியில் போட வேண்டும். போட்ட காசுக்கு மீதி வராது. ஆயிரம் யென் நோட்டை அதே பெட்டியின் பக்கத்து வாயில் விட்டு முதலில் சில்லறையாக்கிக்கொள்ளுங்கள். பத்தாயிரம் யென் நோட்டோடு வந்து நிற்காதீர்கள்.

தோக்கியோ ஷிஞ்சுக்கு ஸ்டேஷனில் சுயிகா என்ற ரயில் கட்டண அட்டையைத் தட்டி உள்ளே வந்து எங்கள் பக்கம் இறங்கினால் பெரிய தலைவலி. முழுக் கட்டணத்தையும் ரொக்கமாகக் கொடுத்து, சான்றுச் சீட்டு வாங்கி, அந்த அட்டை செல்லுபடியாகும் ஸ்டேஷனில் காட்டி, உள்ளே வந்த பதிவை நீக்கும்வரை அட்டை முடங்கிக் கிடக்கும். காகித டிக்கெட்டே எடுத்து வாருங்கள்.

ஆளே இல்லை, டிக்கெட் தேவையில்லை என்று நம் ஆட்கள் சிலரே வீடியோ போடுகிறார்கள். பார்த்தால் வயிறு எரிகிறது. பிடிபட்டால் கட்டணத்தோடு அதைப்போல் இரண்டு மடங்கு அபராதம் சேர்த்து வாங்கச் சட்டம் இருக்கிறது. பணம் போனால் போகட்டும். தேசிய ரயில்வே கடனில் மூழ்கி 1987-ல் தனியார்மயமானதற்கு முன்னும் பின்னும் ஆட்களைக் குறைத்துக் குறைத்து, இன்று நாட்டின் ஸ்டேஷன்களில் கிட்டத்தட்ட பாதி ஆளில்லாதவை. ஆட்களை எடுத்த பிறகும் கட்டுப்படியாகாவிட்டால் பாதையையே மூடுவார்கள். ஷிமானே, ஹிரோஷிமா பக்கம் 108 கிலோமீட்டர் சன்கோ லைன் 2018-ல் அப்படித்தான் போயிற்று. அந்த ஊர்க் கிழவர்களுக்கு ஆஸ்பத்திரிக்குப் போகும் வண்டி அது. இப்படிப்பட்ட வண்டிகளில் ஓசிப் பயணம் செய்வதைப் பெருமையாகச் சொல்ல எப்படி மனது வருகிறது?

நான் வந்தது பிப்ரவரியில். ஆள் வந்து கூட்டிப் போவார் என்று சொல்லி ஏஜென்ட் ஸ்டேஷன் பெயரை மட்டும் எழுதிக் கொடுத்திருந்தார். இரண்டு பெட்டியோடு இறங்கினால் இருட்டு, பனி, ஒற்றை விளக்கு. ஒருவரும் வரவில்லை. காத்திருப்பு அறை மரப் பெஞ்சில் பழைய பூப்போட்ட துணியில் தைத்த திண்டுகள், மூலையில் பனி தள்ளும் மண்வாரி. பேரனை அழைக்க வந்திருந்த ஒரு பாட்டி என் விரல்களைப் பார்த்தார். எதுவும் கேட்காமல் வெளியே போய் மெஷினில் சூடான காபி டின் வாங்கி வந்து என் கையில் திணித்தார். பேரன் வந்ததும் அவர்கள் காரிலேயே என்னை விடுதியில் கொண்டுபோய்ச் சேர்த்தார். அந்தத் திண்டுகளைத் தைத்தவரும் அவர்தான். இப்போது எங்கள் தெருவின் முறை வரும்போது அந்த அறையை நானும் கூட்டுகிறேன், பனி தள்ளுகிறேன்.

தோக்கியோ நிஷி-கசாய் நண்பர்கள் "அந்தக் காட்டில் ஏன் கிடந்து அவதிப்படுகிறாய்" என்பார்கள். அங்கே இட்லி மாவு கிடைக்கும், பேச்சுத்துணைக்குத் தமிழ் ஆள் கிடைக்கும். ஆனால் பத்து வருடம் இருந்தும் மாடி வீட்டு ஜப்பானியரின் பெயர் தெரியாதவர்களை அங்கேதான் பார்த்தேன். இங்கே துடைப்பத்தோடு நின்ற ஒரு காலையில் ஊர்ப் பெரியவர் காவமுரா கனேதோவைப் பற்றிச் சொன்னார். தென்ரியூ பள்ளத்தாக்கின் செங்குத்துப் பாறைகளில் இந்தப் பாதைக்கு அளவெடுக்க ஹொக்கைதோ அசாஹிகாவாவிலிருந்து வந்தவர், ஐனு என்ற வட ஜப்பான் பூர்வகுடி இனத்தவர். இனம் சொல்லி இழிவுபடுத்தியவர்கள் நடுவே நின்று வேலையை முடித்துக் கொடுத்தவர். அந்தச் சுரங்கங்கள் வழியாகப் போகும்போதெல்லாம் அவரை நினைத்துக்கொள்வேன்.

காருக்கு வருகிறேன். ஊரிலேயே சர்வதேச ஓட்டுநர் அனுமதி எடுத்து வாருங்கள், அதிகபட்சம் ஒரு வருடம் ஓட்டலாம். அதற்குள் இங்குள்ள லைசென்சுக்கு மாறிவிட வேண்டும். மஞ்சள் நம்பர் பிளேட் போட்ட சின்னக் கார் போதும், குளிர்கால டயர் கட்டாயம். வீட்டுக்குக் கையெழுத்துப் போடுமுன் அந்த ஸ்டேஷனின் கால அட்டவணையையும் உங்கள் ஷிப்ட் நேரத்தையும் எனக்கு அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன்.